பட்டங்கட்டும் நாளில் பறித்த வெல்வெட் மெத்தை

சென்ற தை மாதம் ஏரல் பக்கத்து ஜமீன் ஒன்றில் இளைய ஜமீன்தாருக்குப் பட்டங்கட்டினார்கள். விழாவுக்கான மெத்தைகள் என் கடையில் தைத்தவை. நானே கொண்டு போனேன். திரும்பி வந்து இத்தனை நாளாகியும் எனக்குக் கோபம் ஆறவில்லை.

திருநெல்வேலியிலிருந்து ஆற்றின் வடகரை வழியாக இருபத்தெட்டு மைல். அந்தப் பக்கம் இன்னும் ரயில் கிடையாது, மாட்டு வண்டிதான். விடியுமுன் கிளம்பி, சீவலப்பேரியில் மாடுகளுக்குத் தண்ணீர் காட்டி, ஸ்ரீவைகுண்டத்தில் சாப்பிட்டு, பொழுது சாயும்போது அரண்மனைக்குப் போய்ச் சேர்ந்தோம். இவ்வளவு மெத்தென்று இருந்தால் ராஜாவுக்குச் சபையிலேயே தூக்கம் வராதா என்று வண்டிக்காரர் இசக்கி வழியெல்லாம் கேட்டுக்கொண்டு வந்தார். நியாயமான கேள்விதான்.

மெத்தைகள் மூன்று. சிவப்பு வெல்வெட், ஓரமெல்லாம் ஜரிகை, மூலைகளில் குஞ்சம், உள்ளே இலவம்பஞ்சு. ஒன்று பட்டத்து வாளை வைக்க, ஒன்று பட்டம் ஏற்பவருக்கு, மற்றது அவருடைய தாயாருக்கு. கணவர் இறந்தபின் கோர்ட்டு ஏறி நிலங்களை மீட்டு, உடைந்த குளத்தைக் கட்டி, மகன் ஆளாகும்வரை ஜமீனைக் காப்பாற்றியவர் அந்த நாச்சியார். மெத்தைகளுக்குச் சொல்லியனுப்பியவரும் அவரே.

மறுநாள் சபை கூடியது. வெள்ளைக்கார அதிகாரிக்கு நாற்காலி. வக்கீல்களுக்குச் சாய்ந்துகொள்ளத் திண்டு. குடியானவர்களுக்கு வாசல் வெயில். நாச்சியார் வந்து, மகனுக்கு வலப்பக்கம் தமக்காகப் போட்டிருந்த மெத்தையில் உட்காரப் போனார். அவருடைய கொழுந்தனார் எழுந்தார்.

“தாலியறுத்தவுக சபையில உக்காரக் கூடாது. மெத்தைய எடுலே” என்றார் வேலைக்காரனிடம்.

எடுத்துவிட்டார்கள். மகன் தலையைத் தூக்கவே இல்லை. அதிகாரி என்னவென்று கேட்டார். இங்குள்ள வழக்கம் என்று ஒரு வக்கீல் விளக்க, அவரும் தலையாட்டினார். மேளம் தொடங்கிவிட்டது.

நாச்சியார் அழவில்லை. சபை நடுவே நடந்து தலைவாசல் வழியாக வெளியேறினார். ஓரத்தில் உட்கார்ந்திருந்த நானும் எழுந்து பின்னால் போனேன். கொற்கையில் தம்பி வீடு இருக்கிறது, கொண்டு விட முடியுமா என்று கேட்டார். அதற்குள் இசக்கி மாட்டைப் பூட்டத் தொடங்கியிருந்தார்.

ஏரல் தாண்டியதும் நாச்சியார் பைய சொன்னார்: “மெத்தைய எடுத்தவன் மேல எனக்குக் கோவமில்ல அண்ணாச்சி. பெத்த பிள்ள சும்மா உக்காந்துக்கிட்டு இருந்தான்.”

அன்று மாலையே, நாங்கள் கிளம்புமுன், அரண்மனை ஆள் ஒருவன் அந்த மெத்தையைத் தலையில் சுமந்துகொண்டு கொற்கைக்கு வந்தான். மகன் கொடுத்தனுப்பினானாம். நாச்சியார் அதைத் தொடவில்லை.

“இத அங்கனயே கொண்டு போ. அவன வரச் சொல்லு” என்றார்.

இந்த வழியில் போகிறவர்களுக்கு: சீவலப்பேரிக்கு அப்பால் பாதை வண்டல்; மழை நாளில் சக்கரம் புதையும், தை மாசி நல்லது. ஜமீன் விழாவுக்கு அழைப்பு வந்தால், யாரை எங்கே உட்கார வைக்கிறார்கள் என்று பார்த்துவிட்டு உட்காருங்கள். அந்த ஜமீனுக்கு இனி நான் ஒரு தலையணைகூடத் தைத்துக் கொடுப்பதாக இல்லை. போன வாரம் இசக்கி கொற்கைப் பக்கம் போய் வந்தார். மகன் இன்னும் வரவில்லையாம்.