அக்காவுக்கு வந்த மனச்சோர்வு

மனச்சோர்வை அளப்பதற்கு ஒரு தாள் இருக்கிறது. ஒன்பது கேள்விகள். ஒவ்வொன்றுக்கும் நான்கு பதில்கள்: இல்லவே இல்லை, சில நாட்கள், பாதிக்கு மேற்பட்ட நாட்கள், ஏறக்குறைய ஒவ்வொரு நாளும். பதிலுக்கு நேரே உள்ள கூட்டில் நாங்களே புள்ளடி போடவேண்டும். பூச்சியத்திலிருந்து மூன்று வரை புள்ளி கொடுத்துக் கூட்டினால் மனம் எவ்வளவு கெட்டிருக்கிறது என்று தெரிந்துவிடுமாம். பத்தாம் வகுப்போடு படிப்பை விட்ட எனக்கே சிரிப்பு வந்தது. அந்த நாட்களில் எனக்குச் சிரிப்பு வருவது அபூர்வம்.

மானிப்பாயில் எனக்கு ஒரு சின்னப் பலசரக்குக் கடை இருக்கிறது. அதைத் திறக்காமல் கிடந்தேன். யாராவது கதவில் தட்டினால் மூச்சுக் காட்டாமல் உள்ளே இருப்பேன். பக்கத்து வளவில் இருக்கும் அக்காவால் பொறுக்க முடியவில்லை. கந்தசஷ்டி விரதத்தில் பால் மட்டும் குடித்துக்கொண்டிருந்தவள், அந்தக் களைப்போடேயே என்னை பஸ்ஸில் ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனாள்.

நீள வாங்கில் நெருக்கமாக உட்கார்ந்திருந்த எல்லோருக்கும் அங்கே வேலை செய்யும் ஒரு பெண்பிள்ளை தாள் கொடுத்துக்கொண்டு வந்தாள். துணைக்கு வந்தவர் யார், வருத்தக்காரர் யார் என்று அவள் கேட்கவில்லை. எனக்கும் கொடுத்தாள், அக்காவுக்கும் கொடுத்தாள். அரசாங்கத் தாள் என்றால் அக்கா மறுபேச்சின்றி நிரப்புவாள்.

"பிள்ளை, நித்திரை குறைவோ எண்டு கேட்டிருக்கு. நான் விடியப்பறம் எழும்பிக் கோயிலுக்குப் போறனான். என்னத்தைப் போடுறது?"

"உள்ளதைப் போடுங்கோ அம்மா."

"சாப்பாடு? கந்தசட்டியெல்லோ."

"சாப்பிடேல்லைத்தானே? அப்ப கடைசிக் கூட்டிலை போடுங்கோ."

களைப்புக்கும் மூன்று. மெதுவாக நடப்பதற்கும் மூன்று. முருகனுக்காகப் பட்டினி கிடந்தவளை அந்தத் தாள் நோயாளியாக்கிக்கொண்டிருந்தது.

என் பாடு வேறு. இடையிடையே அக்கா என் தாளை எட்டிப் பார்த்தாள். சந்தோசம் இல்லையா என்ற கேள்விக்குச் சில நாட்கள் என்று போட்டேன். மற்றதுகளும் அப்படித்தான். கடைசிக் கேள்வி, செத்துப்போனால் நல்லது என்று நினைத்ததுண்டா என்பது. ஒவ்வொரு விடியலிலும் நான் நினைத்தது அதைத்தான். கூடப் பிறந்தவள் தோளோடு தோள் உரசிக்கொண்டு இருக்கும்போது அதை எழுதுகிற ஆம்பிளை எந்த ஊரில் இருக்கிறான்? இல்லவே இல்லை என்று போட்டேன். இதைக் கண்டுபிடித்த படித்தவர்கள் ஒரு நாளாவது ஆஸ்பத்திரி வாங்கில் நெருங்கியடித்து இருந்திருக்க மாட்டார்கள்.

பிள்ளை கூட்டிப் பார்த்தாள்.

"அம்மா டொக்டரைப் பாக்கவேணும். ஐயாவுக்குப் பெரிசா ஒண்டுமில்லை, வீட்டை போகலாம்."

"எனக்கோ? உவனைக் காட்டவெல்லோ வந்தனான்."

"டொக்டரைப் பாக்க ஐயாவுக்குப் புள்ளி காணாது அம்மா."

நான் எழும்பிவிட்டேன். வெட்கம் கெட்ட நிம்மதி. அக்கா என் சேர்ட்டைப் பிடித்து நிறுத்தினாள்.

"எனக்கு விசரெண்டால் துணைக்கு ஆள் வேணும். வா."

உள்ளே டொக்டர் தாளைப் பார்த்துவிட்டு, எப்போதிருந்து சாப்பாடு இறங்கவில்லை என்று அக்காவிடம் கேட்டார்.

"சூரன்போர் முடியச் சாப்பிடுவன் டொக்டர். இவன்தான் விரதமில்லாமலே சாப்பிடுறானில்லை. கடையும் திறக்கிறேல்லை."

டொக்டர் என்னைப் பார்த்தார். பிறகு அக்காவை வெளியே இருக்கச் சொன்னார். கதவு சாத்தியதும் அந்தக் கடைசிக் கேள்வியை வாயால் கேட்டார். நான் நிலத்தைப் பார்த்தபடி "ஓம்" என்றேன். அதற்குப் பிறகு நெடுநேரம் கதைத்தேன். அவ்வளவு கதை என்னிடம் இருந்தது எனக்கே தெரியாது.

அடுத்த மாதம் தனியாகப் போனேன். டொக்டர் தந்த மருந்தை எடுத்துக்கொண்டு, அதற்குள் கடையைக் காலையில் மட்டும் திறக்கத் தொடங்கியிருந்தேன். அதே தாளைத் தந்தார்கள். பக்கத்தில் தெரிந்தவர்கள் இல்லாதபடியால் உள்ளதை உள்ளபடி போட்டேன்.

பிள்ளை கூட்டிப் பார்த்து முகம் சுருங்கினாள். "மருந்து எடுத்தும் கூடியிட்டுதே ஐயா. முந்தி நல்லாயெல்லோ இருந்தனீங்கள்."

அவளுக்கு விளங்கப்படுத்த எனக்கு மனமில்லை. டொக்டரின் கதவடியில் போய் வரிசையில் இருந்தேன்.