சேர்மன் வாசித்த தடை உத்தரவு

கோடு என்கிற நீதிமன்றத்தின் கட்டளைகளை வீடு வீடாகக் கொண்டுபோய்ச் சேர்ப்பிக்கிற பரமலிங்கம் பதின்மூன்று வருசத்தில் வாங்காத அடி இல்லை. பூநகரியில் ஒருத்தன் தோளில் கத்தியால் கொத்தினான். மல்லாவியில் ஒருத்தி கொதிகஞ்சியை முகத்தில் ஊற்றினாள். கையெழுத்து வைத்த நீதவானை விட்டுவிட்டுக் கடுதாசி கொண்டுவந்தவனை அடிக்கிற சனம்தானே நாங்கள்!

1963இல் நாயாற்றுப் பக்கம் அவர் கொண்டுபோன கட்டளை எல்லாவற்றிலும் பொல்லாதது. கடலை ஒட்டிய களப்பில் முஸ்லிம்கள் வலை போட்டால் மறியலில் அடைப்பது என்று அங்கே கிராமச் சங்கம் ஒரு விதி போட்டிருந்தது. மீறினாரென்று முஸ்லிம் மீனவர் மீராசாகிபுவின் தோணியைக் கொளுத்தி, அவர்மேல் முல்லைத்தீவுக் கோட்டில் வழக்கும் வைத்தார் சங்கச் சேர்மன் ஐயாத்துரை. ஒரு சமூகத்தை மட்டும் ஒதுக்கும் விதி அரசியல் சட்டத்துக்கே ஒவ்வாது, வழக்கை நிறுத்து என்றது வவுனியாக் கோடு. அந்தத் தடை உத்தரவு சேர்மனுக்குச் சேராவிட்டால் மறுநாள் வழக்கில் மீராசாகிபு மறியலுக்குப் போகவேண்டியதுதான்.

சங்க முற்றத்தில் நாற்பது பேர் நின்றார்கள். சேர்மன் கையைப் பின்னால் கட்டிக்கொண்டார். வாங்க மறுத்தால் சாட்சிகள் முன் வாசித்துக் காட்டினாலும் போதும், கட்டளை சேர்ந்ததாகிவிடும். ஆனால் உத்தரவு இங்கிலீசில் இருந்தது. பரமலிங்கத்துக்கு அதில் ஒரு எழுத்தும் தெரியாது.

"நான் வாங்கேல்லையெண்டு போய்ச் சொல்லடா."

"குடுக்காமல் போகமாட்டன், ஐயா."

சேர்மனின் ஆள் சின்னராசா துடுப்பால் முழங்காலில் போட்டான். விழுந்தவரை மிதித்தார்கள். இரண்டு பல் மணலில் விழுந்தன. கடுதாசியை விடாத கையைக் குதிக்காலால் நசுக்க, விரல் எலும்பு முறிகிற சத்தம் கேட்டது. சின்னராசா கடுதாசியைப் பிடுங்கிச் சேர்மன் முன்னால் விரித்துப் பிடித்தான்.

"என்ன எழுதியிருக்கு, ஐயா?" என்றது கூட்டம்.

அரசாங்கக் கடுதாசி எது வந்தாலும் சனத்துக்கு வாசித்துக் காட்டுவது சேர்மனின் வழக்கம். ஊரில் இங்கிலீசு தெரிந்தவர் அவர் ஒருவர்தான். அதைக் காட்ட இடம் கிடைத்தால் சோத்தையும் விட்டு எழும்புகிற மனிசன். தொண்டையைச் செருமி, கடைசிவரை உரக்க வாசித்து, வரிக்கு வரி தமிழிலும் சொல்லி, நீதவானை நக்கலடித்தார்.

"இனி இதை அவனுக்கே தின்னக் குடு."

இரத்தம் வழிந்த வாய்க்குள் கடுதாசியைத் திணித்து, விழுங்கும்வரை தாடையை அமத்திப் பிடித்தார்கள். படுபாவிகள்! பரமலிங்கம் விழுங்கினார். பிறகு கையூன்றி எழும்பினார்.

"வாசிச்சிட்டியள், ஐயா. இனி அது சேர்ந்த மாதிரித்தான்."

அதற்கும் ஒரு உதை விழுந்தது.

மறுநாள் முல்லைத்தீவுக் கோட்டில், உத்தரவு தனக்குச் சேரவேயில்லை என்று சேர்மன் சாதித்தார். மீராசாகிபுவுக்காக வாதாடிய புரொக்டர், சேர்மன் சாட்சியாகக் கூட்டிவந்த சின்னராசாவைக் கூண்டில் ஏற்றினார்.

"சேர்மனுக்கு உந்த உத்தரவின்ர இங்கிலீசு விளங்கியிருக்குமோ?"

சின்னராசாவுக்கு ரோசம் வந்துவிட்டது. "என்ன கதை கதைக்கிறியள்? தலைப்பிலயிருந்து கையெழுத்து வரைக்கும் ஒரு இடத்திலயும் திக்காமல் வாசிச்சவர்!"

உத்தரவு சேர்ந்தது ருசுவாகிவிட, வழக்கு அந்த இடத்திலேயே நின்றது. மீராசாகிபு அழுதேவிட்டார்.

"அப்ப இந்த மனிசனை ஆர் அடிச்சது?" என்று நீதவான் பரமலிங்கத்தைக் காட்டிக் கேட்டார்.

"அதைக் காணேல்லை, ஐயா," என்றான் சின்னராசா. "நாங்கள் எல்லாரும் வாசிப்பையெல்லோ கேட்டுக்கொண்டு நிண்டனாங்கள்."