இடம்: பார்டர்

அட்டையைக் காதோரம் பிடித்து விரலால் ஒரு தட்டு தட்டுகிறார் ஜெபசீலி. தலையைச் சாய்த்துக் கேட்கிறார். "ஈரம் குடிச்சிருக்கு, வெயில்ல போடணும்" என்று அதைத் தனியே வைத்துவிட்டு அடுத்ததை எடுக்கிறார். கை பாதியில் நின்றுவிடுகிறது. பார்வை பாகலூர் சாலையைத் தாண்டி எங்கோ போய்விட்டது. அட்டைப் பெட்டிக்குக் கம்பிப் பின் அடிக்கும் மெஷினில் உட்கார்ந்திருக்கும் நிர்மலா குரல் கொடுத்தால்தான் ஆள் திரும்பி வருவார்.

"எங்கக்கா போயிட்டீங்க?"

"இங்கதான் இருந்தேன். கொஞ்சம் அந்தப் பக்கம்."

ஓசூர் ரோஜாக்களுக்குப் பெட்டி செய்கிறவர் இவர். பூவைப் பற்றிப் பேச ஊரெல்லாம் ஆள் உண்டு, பெட்டியைப் பற்றிப் பேச இவர் ஒருவர்தான். பிப்ரவரி நெருங்கிவிட்டால் கேட்கவே வேண்டாம். தன் அட்டைக்குள் படுத்துத் தூங்கியபடியே பூக்கள் விமானம் ஏறுவதையும், வாயில் பெயர் நுழையாத ஊர்களில் காதலர்கள் கையில் கண் விழிப்பதையும் நேரில் பார்த்துவிட்டு வந்தவர் போலச் சொல்வார். இவர் விமானத்தை அண்ணாந்து பார்த்ததோடு சரி. "எம் பெட்டி பார்த்த ஊர நான் பாக்கல பாருங்க" என்று சிரிப்பார். அந்தச் சிரிப்பில் வருத்தம் துளியும் இருக்காது.

கனவு காண்கிறவர் என்றதும் வேலைக்கு ஆகாதவர் என்று நினைத்துவிடக் கூடாது. தன் சின்னச் சரக்கு வண்டியை, குட்டியானையை, தானே ஓட்டுவார். சேலையை இடுப்பில் செருகிக்கொண்டு, தட்டையாய் மடித்த பெட்டிக் கட்டுகளைத் தானே இறக்குவார். வண்டிக்குக் கர்நாடகத்தில் ஓட பர்மிட் கிடையாது. அதனால் அந்தப் பக்கத்து ரோஜாக் கம்பெனிகளுக்குச் சரக்கு என்றால், விடியும் முன்பே ஏரிக்கரை மண்பாதைக்குப் போய் நிறுத்துவார். எதிரில் அவர்கள் வேன் வந்து நிற்கும். பனியில் முகம் தெரியாது. கட்டு கைமாறும். இவர் திரும்பிவிடுவார். இங்கே எல்லாரும் செய்வதுதான்.

டெலிவரி சலானில் 'சரக்கு இறக்கிய இடம்' என்று ஒரு கட்டம் உண்டு. அதில் ஜெபசீலி தன் அழகான கையெழுத்தில் எழுதி வந்த ஒரே ஊர், 'பார்டர்'. ஓசூர்க்காரர்களுக்கு அது ஊர்தானே! "பார்டர்ல டீ குடிச்சேன்", "பார்டர்ல இருக்கேன், வந்துரு" என்று பேசியே வளர்ந்தவர்கள். பார்டர் என்பது வெறும் கோடு, கோட்டின் மேல் யாரும் பெட்டி இறக்க முடியாது என்பது வக்கீல் நவீன்குமார் சொல்லும்வரை இவருக்குத் தோன்றவில்லை.

வக்கீல் வரைக்கும் போகவேண்டி வந்த கதை இதுதான். ஒரு காதலர் தின அவசரத்துக்கு வாங்கிய பெட்டிகளுக்கு, இரண்டு லட்சத்து எண்பதாயிரம் பாக்கி வைத்தது அந்தப் பக்கத்துக் கம்பெனி ஒன்று. அதன் மேனேஜர் முனிராஜு, கேட்கும்போதெல்லாம் "நோடோண மேடம்" என்பார். பார்க்கலாம் என்று அர்த்தம். அந்தக் கன்னடத்தின் குழைவிலேயே மயங்கி, பார்க்கலாம் பார்க்கலாம் என்று இவரும் காத்திருந்தார். ஒரு வரி எழுதி வாங்கவில்லை. இப்போது மூன்று வருடம் முடியப்போகிறது. அது தாண்டினால் கோர்ட் கதவு சாத்தியதுதான். அட்டை வாங்கிய கடன் வட்டியோடு நிற்கிறது. இந்தப் பணம் வராவிட்டால் பின்னடிக்கும் மெஷினை விற்றாக வேண்டும். அப்புறம் நிர்மலாவுக்கும் வேலை இல்லை, இவருக்கும் பிழைப்பு இல்லை.

"அக்கா, ஆர்டர் போன்ல அங்கருந்து வந்துச்சு. கம்பெனியும் அங்க. சரக்கு எங்க கைமாறுச்சுங்கறது ஒண்ணுதான் நமக்குப் பிடி" என்றார் நவீன்குமார். "நடந்ததுல ஒரு பங்கு இந்தப் பக்கம் நடந்திருந்தாப் போதும், ஓசூர் கோர்ட்லயே போடலாம். இல்லன்னா அங்க வக்கீல் வச்சு, அங்க அலையணும். தப்பான கோர்ட்ல போட்டுத் திருப்பிட்டா, கெடு முடிஞ்சுபோச்சுன்னு அவங்க பிடிச்சுக்குவாங்க."

"பனிங்க தம்பி. எந்தப் பக்கம் நின்னேன்னு எனக்கே தெரியாது."

"தெரியும்னு சொல்லுங்க. யாரு அளந்து பாக்கப் போறாங்க?"

ஜெபசீலி வழக்கம்போல எங்கோ போய்விட்டு வந்தார். "கூண்டுல ஏறித் தெரியாதத சத்தியம் பண்ண மாட்டேன். மெஷின் போனாப் போகுது."

சொல்லிவிட்டாரே தவிர அன்று முழுக்க மெஷினைச் சுற்றிச் சுற்றி வந்தார், பாவம். சாயங்காலம் அவரே வக்கீலுக்குப் போன் செய்தார். "தம்பி, எனக்குத் தெரியாது. என் காலுக்குத் தெரியுமான்னு கேட்டுப் பாக்கலாமா? விடியக்காலம் ஏரிக்கரைக்கு வாங்க. எல்லைக் கல்லு எங்க இருக்குன்னு நீங்க முன்னாலயே போயிப் பாத்துக்குங்க, எனக்குச் சொல்லாதீங்க. சொன்னா எங் காலு அதுக்குத் தகுந்த மாதிரி நின்னுரும்."

மறுநாள் ஏரி இருந்த இடத்தில் வெண்மை மட்டும்தான் இருந்தது. எங்கோ ஒரு பால்வண்டி கன்னடப் பாட்டோடு போனது. நவீன்குமார் கால்சட்டையெல்லாம் நனைய புல்லுக்குள் தேடி, மண்ணில் பாதி புதைந்த கல்லைக் கண்டுபிடித்துவிட்டு, வாயைத் திறக்காமல் ஓரமாக நின்றார். ஜெபசீலி குட்டியானையைத் தன் போக்கில் ஓட்டி வந்தார். மனசு எங்கோ இருக்க, கைகள் ஸ்டியரிங்கைத் திருப்பின. வண்டி ஓரிடத்தில் தானாக நின்றது போல நின்றது. இறங்கினார். பின்கதவைத் தட்டித் திறந்தார். உள்ளே ஒன்றும் இல்லை. இல்லாத கட்டின் அடியில் இரண்டு கைகளையும் கொடுத்துத் தூக்கினார். கனத்துக்கு முதுகு கொஞ்சம் பின்னால் வளைந்தது. நடந்தார்.

வக்கீல் எட்டுகளை எண்ணினார். இன்னும் இரண்டு எட்டு வைத்தால் வழக்கு கர்நாடகத்துக்குப் போய்விடும். ஜெபசீலி ஒரு எட்டு வைத்தார். இன்னொன்றுக்குத் தூக்கிய கால், கொஞ்ச நேரம் காற்றில் யோசித்துவிட்டு, மற்ற காலின் பக்கத்திலேயே இறங்கியது.

"அக்கா! கல்லு உங்களுக்கு முன்னால இருக்கு! இந்தப் பக்கம்தான்க்கா!"

ஜெபசீலி குனிந்து பார்க்கவில்லை. புல்லில் மூழ்கிய கல்லுக்கு மேலே, அடுத்த மாநிலத்துப் பனிக்குள் நீட்டிய கைகள் அப்படியே இருந்தன, உள்ளங்கைகள் மேலே பார்த்தபடி.