பிங்-சுன் கீரை வதக்கிய ஆறு வாரம்

தென் சீனாவில் இருக்கிற ஷுண்டேயில் சாப்பாட்டைக் குறை சொல்லாத ஆளைத் தேடினால் கைக்குழந்தைதான் கிடைக்கும். அதுவும் பல் முளைக்கிற வரைக்கும்தான். அப்படிப்பட்ட ஊரிலேயே லோ பிங்-சுன்னின் நாக்குக்குத் தனி மரியாதை இருந்தது.

முப்பத்தோரு வருஷம் டவுன் பஸ் ஓட்டியவர். சந்தை நிறுத்தத்தில் பெண்கள் பையோடு ஏறினால் முதலில் பைக்குள்தான் எட்டிப் பார்ப்பார். "இந்தக் காய்லானை யாரும்மா உங்க தலையில கட்டினது? தண்டைப் பாருங்க, துடைப்பக்கட்டை!" என்று சொன்ன பிறகுதான் கதவை மூடுவார். அதைக் கேட்டு இறங்கிப்போய்க் கீரையை மாற்றி வந்தவர்களும் உண்டு. அவர்கள் திரும்பி வரும்வரை பஸ் நிற்கும். இதற்காக அவர் மீது இரண்டு முறை புகார் போயிருக்கிறது. இரண்டு முறையும் விசாரித்த அதிகாரி கடைசியில், எந்தக் கடையில் கீரை நன்றாக இருக்கும் என்று கேட்டுக்கொண்டு அனுப்பிவிட்டார்.

ஓய்வு பெற்ற பிறகு தினமும் காலையில் தேநீர்க்கடை. கூட்டாளிகள் இரண்டு பேர்: முடிதிருத்தும் ஹோ, பள்ளிக்கூடத்தில் கணக்குச் சொல்லிக் கொடுத்த கோ வாத்தியார். ஒருநாள் மூவரும் ஓர் ஓட்டலில் சாப்பிடப் போன இடத்தில், பிங்-சுன் கீரைத் தட்டை மோந்து பார்த்துவிட்டுத் திருப்பி அனுப்பினார். "சட்டி மூச்சே இல்ல" என்றார். கொதிக்கிற இரும்புச் சட்டியில் பட்டும் படாமலும் வதங்கினால் காய்க்கு ஒரு வாசம் ஏறுமே, அதைத்தான் அந்த ஊரில் அப்படிச் சொல்வார்கள். சமையல்காரரே வெளியே வந்து, "ஐயா சொல்றது சரிதான், அடுப்பு இன்னைக்குச் சரியா எரியல" என்று தலை குனிந்தார். அன்றிலிருந்து பிங்-சுன் பெரிய சமையல்காரர் என்று ஊர் முடிவு கட்டிவிட்டது. அவரும் மறுக்கவில்லை.

உண்மை என்னவென்றால் அவருக்கு அடுப்புப் பற்றவைக்கவே தெரியாது. கல்யாணத்துக்கு முன்னால் பஸ் டிப்போ சாப்பாடு, பின்னால் மனைவி லாய்-வா. அவள் நாற்காலி மெத்தை தைக்கிற பட்டறையில் நாளெல்லாம் வேலை செய்துவிட்டு வந்து, முப்பத்து மூன்று வருஷம் அவருக்குச் சமைத்துப் போட்டாள். அவர் முப்பத்து மூன்று வருஷம் தீர்ப்புச் சொன்னார். "இன்னைக்கு இஞ்சி தூக்கலா இருக்கு." "இது வதக்கினதா, அவிச்சதா?" எல்லாவற்றுக்கும் லாய்-வாவிடம் ஒரே பதில்தான். "அப்படியா."

போன இலையுதிர் காலத்தில், போர்வை உலர்த்தப் போன லாய்-வா ஈரமான பால்கனியில் சறுக்கி விழுந்தாள். வலது மணிக்கட்டு முறிந்தது. முழங்கை வரை மாவுக்கட்டு. ஆறு வாரம் கையை அசைக்கக் கூடாது. வீட்டுக்கு வந்ததும் அவள் ஒரு நாற்காலியை இழுத்துச் சமையலறை வாசலுக்கு நேராகப் போட்டு, நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்தாள்.

"சரி, என்ன சமையல்?" என்றாள்.

பிங்-சுன் முதல் பத்து நாள் ஓட்டலில் வாங்கி வந்தே ஒப்பேற்றினார். வறுத்த வாத்து, பன்றி விலாக் கறி, நூடுல்ஸ். பதினோராம் நாள் தலை சுற்றியது. மருத்துவமனையில் ஒரு சின்ன வயசு டாக்டரம்மா அவருடைய ரத்த அழுத்தத்தைப் பார்த்தாள், மறுபடி பார்த்தாள், பிறகு கருவியின் மீது சந்தேகப்பட்டு, தன் கையிலேயே கட்டிப் பார்த்துக்கொண்டாள். கருவி நன்றாகத்தான் இருந்தது.

"வெளிச் சாப்பாட்டை இன்னையோட நிறுத்துங்க தாத்தா. வீட்டுலயே காய்கறி வதக்கிச் சாப்பிடுங்க. ஒரு கரண்டி எண்ணெய், சாஸ் கொஞ்சமா. அஞ்சு நிமிஷ வேலை."

"தாத்தாவா?" என்று பிங்-சுன் வாயைத் திறப்பதற்குள் லாய்-வா முந்திக்கொண்டாள்.

"அஞ்சு நிமிஷம்கூட ஆகாது டாக்டர். இவருக்குத் தெரியாததா?"

அன்று மாலை பிங்-சுன் காய்லான் கீரையைக் கழுவினார். சட்டியில் எண்ணெய் ஊற்றிப் புகை வரும்வரை காத்திருந்தார்; தேநீர்க்கடையில் அவர் எல்லோருக்கும் சொல்கிற பாடம் அதுதான். பிறகு சொட்டச் சொட்ட இருந்த கீரையை அப்படியே அள்ளிப் போட்டார். வெடித்த வெடியில் அவர் பால்கனிக்கே ஓடிப்போனார். லாய்-வா எழுந்து இடது கையால் அடுப்பை அணைத்துவிட்டு, மறுபடி வந்து உட்கார்ந்தாள்.

மறுநாள் அவர் மழைக்கோட்டும் ஸ்கூட்டர் ஹெல்மெட்டும் போட்டுக்கொண்டு அடுப்பு முன்னால் நின்றார். ஆவியில் ஹெல்மெட் கண்ணாடி மூடிக்கொண்டது. எது சட்டி, எது கழுவுதொட்டி என்றே தெரியவில்லை. முதலில் போக வேண்டிய கேரட் கடைசியில் போயிற்று. கடைசியில் போக வேண்டிய இலை முதலில் போய்க் கரியாயிற்று. மூன்றாம் நாள் வெடியும் இல்லை, கரியும் இல்லை. சாஸ் கெட்டியாக வர வேண்டும் என்று சோள மாவை நேராகச் சட்டியில் கொட்டிவிட்டார். கரண்டியைத் தூக்கினால் சட்டியும் கூடவே வந்தது.

லாய்-வா அதையும் இடது கையால் ஸ்பூன் பிடித்துச் சாப்பிட்டாள்.

"எப்படி இருக்கு?" என்றார் தயங்கித் தயங்கி.

"சட்டி மூச்சு இல்லீங்க."

"நீதான் கொஞ்சம் சொல்லிக் குடேன்."

"நானா? இத்தனை வருஷமா நீங்கதானே எனக்குச் சொல்லிக் குடுத்தீங்க!"

வேறு வழியில்லாமல் அவர் சந்தைக்குப் போனார். அங்கே காய்கறி விற்கிறவளை எல்லோரும் ஆறாம் அக்கா என்பார்கள். ஒன்பது பிள்ளைகளில் ஆறாவதாகப் பிறந்தவள். வாயில் பிங்-சுன்னுக்கு ஈடு கொடுக்கக்கூடிய ஒரே ஆள்.

"ஒண்ணுமில்லக்கா, எங்க மாடியில ஒருத்தர் இருக்கார். பாவம், சமையல் தெரியாது. காய் வதக்கினா எண்ணெய் வெடிக்குதாம். என்ன பண்ணலாம்னு கேட்டார்."

"நீங்களே சொல்லிக் குடுக்க வேண்டியதுதானே? ஊருக்கே வாத்தியார் நீங்க."

"நான் சொன்னா அவருக்குப் புரியல. அதான், நீ எப்படிச் சொல்லுவேன்னு பாக்கலாம்னு..."

ஆறாம் அக்கா அவருடைய கையைப் பார்த்தாள். மணிக்கட்டிலிருந்து முழங்கை வரை ஐந்தாறு கொப்புளம்.

"மாடி வீட்டுக்காரர் கீரை வதக்கினா உங்க கையிலயா அண்ணே கொப்புளம் வரும்?"

பக்கத்துக் கடை மீன்காரி சிரித்த சிரிப்பில் தராசுத் தட்டே ஆடியது. பிங்-சுன் கையை முதுகுக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டார்.

ஆனால் ஆறாம் அக்கா நல்லவள். தட்டைப் பட்டாணி, காளான், கேரட், இளம் காய்லான் எல்லாம் பொறுக்கிப் போட்டுக்கொண்டே சொன்னாள். "அந்த மாடி வீட்டுக்காரர்கிட்டச் சொல்லுங்க. காயைத் துணியில போட்டு ஒத்தி எடுக்கணும், ஒரு சொட்டு ஈரம் கூடாது. எல்லாத்தையும் நறுக்கி வச்சிட்டு அப்புறம்தான் அடுப்பைத் தொடணும். பூண்டு, இஞ்சி போட்டு வாசம் வந்ததும் கேரட்டும் தண்டும். அப்புறம் காளான், பட்டாணி. இலை கடைசி. சோயா சாஸ், சிப்பி சாஸ், துளி சர்க்கரை, சோள மாவு, எல்லாத்தையும் பச்சைத் தண்ணியில முன்னாடியே கலக்கி வச்சிருக்கணும். சட்டியோட ஓரமா ஊத்திட்டு நாலு புரட்டு. பளபளன்னு வந்ததும் இறக்கிடணும். நின்னு ரசிச்சா போச்சு!"

பிங்-சுன் பேருந்து அட்டையின் பின்பக்கத்தில் எழுதிக்கொண்டார். பிறகு தினமும் அதே கறிதான், மதியமும் இரவும். முதல் வாரம் ஒப்புக்குச் சாப்பிடலாம் போலிருந்தது. இரண்டாம் வாரம் பட்டாணி கடித்தால் நறுக்கென்றது. ஒருநாள் லாய்-வா கிண்ணத்தில் இரண்டாம் தடவை சோறு போட்டுக்கொண்டாள். பிங்-சுன் அதைப் பார்க்காத மாதிரி உட்கார்ந்திருந்தார். ஆனால் பாத்திரம் தேய்க்கும்போது பாட்டு முணுமுணுத்தார்.

இந்த நேரத்தில்தான் ஹோ தேநீர்க்கடையில் ஆரம்பித்தார். "அண்ணி கையொடிஞ்சு கிடக்காங்க, நீதான் சமைக்கிறியாமே. எங்களுக்கு ஒரு நாள் போடக் கூடாதா? இத்தனை வருஷமாக் காதாலயே சாப்பிட்டிருக்கோம்."

சனிக்கிழமை மதியம் இருவரும் வந்துவிட்டார்கள். பிங்-சுன் விடியற்காலையிலேயே நறுக்கத் தொடங்கியிருந்தார். அடுப்பு சீறியது, சட்டி புகைந்தது, நாலு புரட்டு, தட்டு மேஜைக்கு வந்தது. அவருக்கே தெரிந்தது, இதுவரை செய்ததில் இதுதான் உச்சம் என்று.

கோ வாத்தியார் ஒரு கேரட் துண்டைச் சாப்ஸ்டிக்கில் தூக்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். "எல்லாத் துண்டும் ஒரே அளவு இல்லையே."

ஹோ கண்ணை மூடிக்கொண்டு மென்றார். "சாஸ் பரவாயில்ல. ஆனா தண்டு ஒரு அரை நிமிஷம் முன்னாடியே இறங்கியிருக்கணும். சட்டி மூச்சு... இருக்கு, ஆனா ஆஸ்துமா மாதிரி இருக்கு."

பிங்-சுன்னின் முகம் சிவந்தது. அவர் வாயைத் திறப்பதற்கு முன்னால், மாவுக்கட்டுப் போட்ட கை மேஜை மீது டக்கென்று இறங்கியது.

"எந்திரிங்க ரெண்டு பேரும்!" என்றாள் லாய்-வா. "போய் அடுப்பு முன்னாடி நில்லுங்க. அந்தத் தீயில நின்னு ஒரு தண்டை நேரத்துக்கு இறக்கிக் காட்டுங்க, அப்புறம் பேசுங்க. மனுஷன் கையைச் சுட்டுக்கிட்டு, விடிஞ்சதுலேருந்து நின்னு செஞ்சிருக்கார். நல்லா இருக்குன்னு ஒரு வார்த்தை வராதா உங்க வாயில?"

இருவரும் தட்டை வழித்துச் சாப்பிட்டார்கள். ஹோ மூன்று தடவை "நல்லா இருக்கு அண்ணி" என்றார். பிங்-சுன் மட்டும் சாப்பிடவில்லை. அவள் பேசிய ஒவ்வொரு வார்த்தையும் வேறு யாருக்கோ போய்ச் சேர வேண்டியது என்பது அவருக்குப் புரிந்துவிட்டது.

"டேய், நான் இதுக்கு முன்னாடி சமைச்சதே இல்லடா" என்றார் மெதுவாக. "கரண்டி பிடிச்சு முழுசா ஒரு மாசம்கூட ஆகல."

"தெரியும்" என்றார் கோ வாத்தியார், வாயில் காளானோடு. "ஆறாம் அக்கா சொல்லிட்டா. சந்தையில எல்லாருக்கும் தெரியும்."

அவர்கள் போன பிறகு பிங்-சுன் வெகுநேரம் மேஜையைத் துடைத்துக்கொண்டிருந்தார். துடைத்த இடத்தையே திரும்பத் திரும்பத் துடைத்தார்.

"முப்பத்து மூணு வருஷம்" என்றார் கடைசியில். "நீ ஏன் ஒரு நாள்கூடக் கரண்டியால என்னை அடிக்கல?"

"கரண்டி எப்பவும் சூடா இருந்துச்சு" என்றாள் லாய்-வா.

ஆறாவது வாரம் கட்டைப் பிரித்தார்கள். டாக்டரம்மா அவருக்கும் ரத்த அழுத்தம் பார்த்தாள்; இந்தத் தடவை கருவியைச் சந்தேகப்படவில்லை. வீட்டுக்கு வந்த லாய்-வா ஆசையாகச் சமையலறைக்குள் போனாள். அடுத்த நிமிஷம் உள்ளே இருந்து கத்தினாள். சோயா சாஸ் இருந்த இடத்தில் சர்க்கரை இருந்தது. மூடிகள் எல்லாம் டிப்போவில் பஸ்கள் நிற்கிற மாதிரி வரிசையாக நின்றன. கத்தியைக் காணோம். சட்டி இடது பக்க ஆணியில் தொங்கியது. "இதுதான் வசதி" என்று அவர் சாதித்தார். "வசதியா? உங்களுக்கு யார் குடுத்தாங்க இந்த அதிகாரம்?" என்று அவள் வலது பக்கம் மாட்டினாள். சாயங்காலம் சட்டி மறுபடி இடது பக்கம் போயிருந்தது. இரண்டு நாள் பேச்சுவார்த்தை இல்லை.

மூன்றாம் நாள் ஓர் உடன்பாடு ஏற்பட்டது. மீனும் சூப்பும் சோறும் அவளுடையது. காய்கறி வதக்கல் அவருடையது. அவர் வதக்கி முடிக்கும்வரை அவள் சமையலறைக்குள் வரக் கூடாது. இன்றும் அப்படித்தான் நடக்கிறது. சாயங்காலம் ஐந்தரை மணிக்கு அந்த வீட்டுப் பக்கம் போனால், உள்ளே சட்டி சீறுகிற சத்தமும், "வாசல்லேயே நில்லு, வராதே, வராதே!" என்று ஓர் ஆண் குரலும், "உப்புப் போட்டாச்சான்னு கேட்டா அதுக்கும் ஒரு கத்தலா?" என்று ஒரு பெண் குரலும் கேட்கும்.