கவனிக்கிறோம்

அலுவலகத்தில் அவருக்குப் பூதக்கண்ணாடி என்று பெயர். தன் நிழலையே நம்பாத மனிதர். ஓடிக்கொண்டிருக்கும் மென்பொருளை அக்குவேறு ஆணிவேறாகப் பிரித்து, மனிதர் படிக்கக்கூடிய நிரலாக மாற்றுவதுதான் அவர் பிழைப்பு. பிரித்த நிரலில் எந்தப் பகுதிக்கும் பெயர் இருக்காது. அ, ஆ என்பதுபோல் வெறும் எழுத்துகள்தான் மிஞ்சும். செய்கிற வேலையை வைத்தே ஆளைப் பிடிக்க வேண்டும்.

குடியிருப்புச் சங்கத்தின் புகார்ச் செயலிமேல் அவருக்கு வெகுநாளாகச் சந்தேகம். குழாய் ஒழுகுகிறது என்று எத்தனை முறை அனுப்பினாலும் “கவனிக்கிறோம்” என்று பதில் வரும், ஆள் வரமாட்டான். ஒரு விடுமுறை நாளில் அதைப் பிரித்துப் போட்டார். புகார் எங்கேயுமே போகவில்லை! யாரோ உட்கார்ந்து படிப்பதுபோல் செயலி கொஞ்ச நேரம் சும்மா இருக்கிறது, அதுவும் ஒவ்வொரு முறையும் வேறு வேறு நேரம். பிறகு, “கவனிக்கிறோம்.”

“திருட்டுப் பயலுக! காதுல வாங்குன மாதிரி நடிக்குது பாரு!” என்று மனைவியைக் கூப்பிட்டுக் காட்டினார்.

அவள் திரையைப் பார்த்தாள். பிறகு அவரைப் பார்த்தாள்.

“ஜன்னல் கொக்கி கழண்டு கெடக்குன்னு நான் சொன்னா, கொஞ்ச நேரம் பேசாம இருந்துட்டு ‘பாக்கறேன்’கிறீங்களே... உண்மையச் சொல்லுங்க, இத எழுதுனதே நீங்கதானே?”