களி போடுகிற உதடு

களியைக் கிண்டி இறக்கியதும் நாதோலி வட்டமான மண்தட்டைத் துடைத்து, அவள் இனத்துப் பெண்களின் வழக்கப்படி துளையிட்டு விரித்த கீழுதட்டில் பொருத்திக்கொள்வாள். தட்டு ஏறியதும் முதுகு தானாக நிமிரும். சுரைக்குடுவையில் சோளக்களியை ஏந்தி நிதானமாக நடந்துபோய், கணவன் பிபாலா உட்காரும் இடத்தில் வைப்பாள். அங்கே யாரும் இருக்கமாட்டார்கள். ஆற்றின் கீழ்ப்போக்கில் இருக்கும் கரும்புத் தோட்டத்தில் காவல்வேலைக்குப் போன பிபாலா, இரண்டு மழைக்காலம் கடந்தும் வரவில்லை. களி ஆறியபின் ஆடுகள் தின்னும்.

படம் பிடிக்கிறவர்களின் கார் வந்தால் மற்ற பெண்கள் காசுக்காக மாட்டுக்கொம்பைத் தலையில் கட்டிக்கொண்டு, படத்துக்கு நிற்க ஓடுவார்கள். இவள் முதுகைக் காட்டுவாள். "இது எம் புருஷனுக்குக் களி போடுற ஒதடு. கண்டவனுக்கும் காட்டவா?"

திட்டுவதில் அவளை மிஞ்ச ஆளில்லை. தட்டோடு திட்டினால் பாதி சொல் காற்றில் போய்விடும். அதனால் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, முதலிலிருந்து திட்டுவாள்.

அந்தத் திட்டு பெரும்பாலும் கொழுந்தன் ஒலிகிபோவுக்குத்தான். கணவன் செத்தால் தட்டைக் கழற்றிவிட வேண்டும் என்பது அங்கே வழக்கம். விதவையும் மாடுகளும் செத்தவனின் தம்பிக்கு.

"செத்தவனுக்கு எதுக்கு அண்ணி களி? மாட்ட ஓட்டிக்கிட்டு எங்கிட்ட வந்துரு."

"பொணத்தப் பாத்தியா நீ? மாட்டத்தான் பாத்திருப்ப!"

போன வாரம் பக்கத்துக் குடிசைக் கிரினோ சந்தைக்குப் போய்த் திரும்பினான். நேரே அவளிடம் வந்து, மாட்டுப்பட்டிக்குப் பின்னால் கூப்பிட்டான்.

"அக்கா, பிபாலாவச் சந்தையில பாத்தேன். உசுரோடதான் இருக்கான். சதை போட்டு நல்லாவே இருக்கான். டவுன்காரி ஒருத்தியோட குடும்பம். ஒரு புள்ளையும் இருக்கு."

"என்னயக் கேட்டானா?"

கிரினோ காலால் மண்ணைக் கிளறினான்.

"சொல்லுடா."

"'இன்னும் அந்தத் தட்ட மாட்டிக்கிட்டுத்தான் திரியுறாளா'ன்னு கேட்டான். கேட்டுட்டுச் சிரிச்சான். அந்த டவுன்காரியும் சேந்து சிரிச்சா."

நாதோலி தட்டைக் கழற்றினாள். பட்டியோரக் கல்லில் ஓங்கி அடித்து உடைத்தாள். பிறகு புழுதியில் உட்கார்ந்து, தலையில் மண்ணை வாரிப் போட்டுக்கொண்டு இழவு வீட்டு ஒப்பாரியைத் தொடங்கினாள். கேட்ட பெண்கள் ஓடிவந்து சேர்ந்து அழுதார்கள். ஒலிகிபோவும் வந்தான்.

"அண்ணன் போயிட்டானா?" என்று கேட்கும்போதே அவன் கண் பட்டிக்குள் போயிற்று. அதை அவளும் பார்த்தாள்.

கிரினோ பதறினான். "ஐயோ, இல்லய்யா, அவன் அங்க..."

நாதோலி எழுந்து, புழுதிக்கையால் கிரினோவின் வாயை அழுத்திப் பொத்தினாள்.