உப்பில்லாத சோளன்

நாங்கள் வந்து குடியேறிய பிளாக்ஹவுஸ் பே என்ற ஊரில் எங்கள் வீட்டுக்குக் கிட்ட ஒரு பொதுத் தோட்டம் இருக்கிறது. அதில் எனக்கொரு பாத்தி. பக்கத்துப் பாத்தி இரண்டு பெண்பிள்ளைகளுக்குத் தாயான ஒரு மெக்சிக்கோப் பிள்ளையுடையது. மலையில் இருக்கிற தெப்பெவான் சனம் தாங்கள் என்பாள். நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள், ஆட்களோடு கதைக்கக் கூச்சம். அவளுக்கும் இங்கிலீஷ் அரைகுறை என்பதால் அவளோடு மட்டும் கதைப்பேன்.

போன மாசியில் அவளுடைய சோளன் பொத்திகள் பால்பிடித்து நின்றன. அவள் ஒன்றைக்கூட முறிக்கவில்லை.

"முத்தப் போகுது பிள்ளை, முறியன்" என்றேன்.

"கூடாது அம்மா. கடவுளுக்குக் குடுத்து, நெருப்பைச் சுத்தி ஆடினாப் பிறகுதான் புதுச்சோளன் தின்னலாம். முந்தித் திண்டால் பிள்ளையளுக்குக் காய்ச்சல் வருத்தம் வரும். ஊரில அண்ணாதான் நடத்துறவர். அது ஒக்டோபரில."

அங்கே விளைச்சல் அப்போதுதான், இந்தத் தெற்கு நாட்டில் காலம் தலைகீழ். ஒக்டோபர் வரை வைத்திருந்தால் கல்லாகிவிடும். இங்கே வந்து அவள் முதன்முதலாக விளைவித்தது. முகம் வாடிப்போய் நின்றாள்.

அண்ணாவுக்குப் போன் எடுத்தாளாம். "இங்க மழையே இல்லை, விதை வீட்டுக்குள்ள கிடக்கு, உனக்குப் பொத்தியோ?" என்று அவர் சிரித்தாராம். பிறகு பெரியவர்களைக் கேட்டுச் சொன்னாராம்: அதுவரை உப்பில்லாமல் சாப்பிடு, ஒரு நாள் குறித்து விடியக் கிழக்கே பார்த்துப் படை, ஆட்டத்துக்கு நான் இங்கிருந்து வில்வாத்தியம் வாசிக்கிறேன்.

"தனியச் செய்யப் பயமாக் கிடக்கு. நீங்களும் வாறீங்களோ?"

நாங்களும் புது நெல்லைப் பொங்கிப் படைத்த பிறகே உண்கிற ஆட்கள். ஓம் என்றுவிட்டேன்.

வீட்டில் என் கறியை உப்பில்லாமல் புறம்பாக வைத்ததும் மருமகன் கண்டுபிடித்துவிட்டார். "பிரஷருக்கு உப்பைக் குறையுங்கோ எண்டு டொக்டர் எத்தினை தரம் சொன்னவர் மாமி! கேட்டியளே? இப்ப சோளனுக்காக விட்டிட்டியள்."

"சும்மா இருங்கோப்பா" என்று மகள் சிரித்தாள்.

குறித்த நாள் விடிய, அவளுடைய பின்வளவில் பார்பெக்யூ அடுப்பை மூட்டினோம். கிழக்குப் பக்கம் ஒரு ஸ்டூலில் பொத்திகளும் ஒரு கிண்ணம் தண்ணீரும். பூச்சட்டியில் சாய்த்து வைத்த போனில் அண்ணா தொப்பியோடு இருந்தார். அங்கே முந்தின நாள் மத்தியானம், நல்ல வெயில். சுரைக்குடுவை மேல் வில்லை வைத்து நாணில் தட்டத் தொடங்கினார். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு அடுப்பைச் சுற்றினாள். வேலிக்கு மேலால் பக்கத்து வீட்டுக்காரர் எட்டிப் பார்த்தார். எனக்குக் காது சூடாகியது, ஆனாலும் கால் நிற்கவில்லை.

வில் ஓய்ந்ததும் அண்ணா ஏதோ சொன்னார்.

"பிள்ளையளுக்குக் குடுக்கட்டாம்" என்றாள் அவள். கண் கலங்கியிருந்தது.

அவித்த பொத்தியை அவளுடைய இரண்டு பெண்பிள்ளைகளும் பள்ளிக்கூட உடுப்போடு நின்று கடித்தார்கள். சின்னவள் பட்டர் கேட்டாள். இல்லையென்றதும் முகத்தைச் சுளித்தாள், ஆனால் முழுவதையும் தின்று முடித்து இன்னொன்றுக்குக் கை நீட்டினாள். அதைப் பார்த்த பிறகுதான் தாய் தன்னுடையதில் வாய் வைத்தாள்.